பறந்தவன் நீ இல்லை

ஃபாரஸ்ட் கேட், லண்டன்
நவம்பர், ஞாயிறு மதியம்

அன்புள்ள காட்டோவுக்கு,

முதலில் மன்னித்துக்கொள். மகனுக்குக் கடிதம் எழுத ஒரு அம்மா மன்னிப்புக் கேட்பாளா என்று உன் தங்கை கிஸ்ஸா சிரிக்கிறாள், ஆனாலும் இந்தக் காலத்தில் காகிதத்தை மடித்து ஒட்டி அட்லாண்டாவுக்கு அனுப்புவது எனக்கே கூச்சமாகத்தான் இருக்கிறது. "எழுதாதம்மா, பேசி அனுப்பு, கார்ல போகும்போது கேட்டுக்கறேன்" என்று நீ சொன்னது ஞாபகம் இருக்கிறது. பேசி அனுப்பத்தான் பயம். நீ இங்கே இருந்தபோது, வரும் வழியில் வெங்காயமும் நிலக்கடலைப் பொடியும் வாங்கி வா, குளிக்காமல் படுக்காதே என்று நான் அனுப்பிய குரலை எடுத்து உன் ஆல்பத்தின் முதல் பாட்டுக்கு முன்னால் வைத்துவிட்டாய். அதிலிருந்து காது கிளினிக்கில் என்னோடு வேலை செய்கிற மோரீன் என்னைப் பார்த்தாலே "என்னம்மா, வெங்காயம் வந்துச்சா?" என்கிறாள். ஒருநாள் பஸ்ஸில் முன்னால் உட்கார்ந்திருந்த பையனின் போனிலிருந்து என் குரலே என்னைக் குளிக்கச் சொன்னது, நான் இறங்க வேண்டிய இடம் வருவதற்கு முன்பே இறங்கி மழையில் நடந்து வந்தேன். கோபமில்லை. நாலு பேர் முன்னால் பேசக் கூசுகிறவள் நான், உனக்குத் தெரியும். இந்தத் தடவை சொல்ல வேண்டியது பாட்டில் போடக்கூடியது இல்லை, அதனால்தான் காகிதம்.

நாங்கள் இங்கே குறையில்லாமல் இருக்கிறோம், நீயும் அப்படித்தான் இருக்கிறாய் என்று உன் வாயால் கேட்டுத்தான் வெகுநாளாகிவிட்டது. நான் போன் செய்தால் உன் மேனேஜர் எடுக்கிறான், "தூங்கறாரும்மா", "ஸ்டூடியோல இருக்காரும்மா" என்று மரியாதையாகத்தான் சொல்கிறான், நல்ல பையன், ஆனால் பெற்ற பிள்ளை தூங்குகிறான் என்று இன்னொருவன் சொல்லிக் கேட்பது ஒரு மாதிரி இருக்கிறது. கிஸ்ஸாவுக்கு வரும் கோடையில் பரீட்சை, வேதியியல் புத்தகத்தைத் திறந்தாலே தலைவலி என்கிறாள், தேவாலயப் பாடற்குழுவை விட்டுவிட்டாள், கேட்டால் வீட்டில் பாடுகிறவர் ஒருவர் போதும் என்கிறாள். இந்தக் கடிதத்தைப் பார்த்து, "அவனுக்கு ஸ்டாம்ப்னா என்னன்னு யாராவது சொல்லிக் குடுக்கணும்" என்றாள். அவளுக்கு உன்மேல் கோபம், அதைக் கிண்டலாகத்தான் வெளியே விடுவாள். பாய்லர் மறுபடியும் நின்றுவிட்டது, வந்து பார்த்தவர் அதை ஒரு நோயாளியைப் பார்ப்பதுபோல் பார்த்துத் தலையை ஆட்டிவிட்டுப் போனார். ஈஸ்ட் ஹாம் தமிழ்க் கடையில் வாழைக்காய் விலை ஏறிவிட்டது. கடைக்காரர் உன் படத்தைத் தராசுக்குப் பின்னால் ஒட்டியிருக்கிறார், "உங்க பெரிய பையன் கலக்கறாரே" என்று சொல்லிக் கூடவே நாலு காயைப் பையில் போட்டார். பெரிய பையன் என்றார். நான் திருத்தவில்லை, வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன், வீட்டுக்கு வந்து அந்த நாலு காயை மட்டும் உரிக்க மனம் வரவில்லை.

எழுத உட்கார்ந்த காரணத்துக்கு வருகிறேன். உன் பாட்டுக் கம்பெனியிலிருந்து ஜெம்மா என்ற பெண் ஒரு பக்கம் அனுப்பியிருந்தாள், புது ஆல்பத்தோடு வெளியிடப் போகிறார்களாம், மேலே "ஆரம்ப வாழ்க்கையும் வளர்ச்சியும்" என்று தலைப்பு. அம்மா ஒரு தடவை பார்த்துச் சரி என்று சொன்னால் போதும் என்று எழுதியிருந்தாள். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படித்தேன். ராப் பாடகர் வாஸ்வா கிழக்கு லண்டனில் பிறந்தார் என்று தொடங்குகிறது. சிறு வயதிலிருந்தே வரிகள் எழுதினார், இரட்டைச் சகோதரன் காட்டோவுக்குப் பாட்டில் நாட்டம் இல்லை, காட்டோ பதினேழு வயதில் தெருவில் கத்திக்குத்துப் பட்டு இறந்தான், அந்த வலிதான் வாஸ்வாவின் பாட்டு என்று முடிகிறது. நான் ஜெம்மாவுக்குப் போன் செய்து இதையெல்லாம் யார் சொன்னது என்று கேட்டேன். "அவரே பேட்டியில சொன்னதுதாங்க, ஏதாவது தப்பா இருக்கா?" என்றாள், பாவம், பிறகு ஆசையாக, "வாஸ்வா, காட்டோங்கறது மேடைக்கு வெச்ச பேரா, நிஜப் பேரா?" என்றும் கேட்டாள். கம்பாலா பக்கத்து ஆட்கள் நாங்கள், எங்களில் இரட்டை ஆண்பிள்ளை பிறந்தால் பெயர் யோசிக்க மாட்டோம், முதலில் வந்தவன் வாஸ்வா, பின்னால் வந்தவன் காட்டோ, பெற்றவள் அன்றிலிருந்து நலோங்கோ, பிறப்பே வைத்துவிடுகிற பெயர், யாரும் மாற்றிக்கொள்வதில்லை என்றேன். "அழகா இருக்கே, இதையும் சேர்த்துக்கவா?" என்றாள். பிறகு பேசுகிறேன் என்று வைத்துவிட்டேன். சரி என்றும் சொல்லவில்லை, தப்பு என்றும் சொல்லவில்லை. ஊருக்குச் சொல்வதற்கு முன் உன்னிடம் சொல்ல வேண்டும் இல்லையா. அதனால் உன் ஆரம்ப வாழ்க்கையை எனக்குத் தெரிந்தபடி உனக்கு எழுதுகிறேன், ஜெம்மாவுக்குத் தெரியாதது சரி, நீயும் மறந்துவிட்டாயோ என்று பயமாக இருக்கிறது.

வாஸ்வா பிறந்து, நர்ஸ் ஒரு கோப்பை டீ குடித்துவிட்டு வந்த பிறகுதான் நீ வந்தாய். எனக்கு அப்போது பத்தொன்பது வயது, கேனரி வார்ஃபில் அலுவலகங்களைத் துடைக்கிற வேலை, உன் அப்பாவுக்கு டாக்சி. நம் ஊர் மசாக்காவிலிருந்து உன் அத்தை ரொபினா போனில் சொன்னாள், "எதை வாங்கினாலும் ரெண்டா வாங்கு நலோங்கோ, ஒருத்தனுக்குக் குடுத்து ஒருத்தனை வெறுங்கையா விட்டுடாதே." அப்படியே செய்தேன், ஒரே சட்டை இரண்டு, ஒரே காலணி இரண்டு, முகமும் ஒன்றே இரண்டு. பள்ளிக்கூடத்தில் குழம்பினார்கள், பாதிரியார் குழம்பினார், உன் அப்பாவே குழம்புவார். போன் செய்து ஒருவன் இன்னொருவன் பெயரைச் சொல்லி என்னை ஏமாற்றப் பார்ப்பீர்கள். நான் "யாரு?" என்பேன், நீங்கள் எந்தப் பெயரைச் சொன்னாலும் சரியாகப் பிடித்துவிடுவேன். "எப்படிம்மா?" என்று நீ கேட்டுக்கொண்டே இருப்பாய், நான் சொன்னதில்லை. நான் போனை எடுத்தவுடன் அவன் பேசிவிடுவான். நீ பேசுவதற்கு முன்னால் ஒரு மூச்சு இழுப்பாய். அவ்வளவுதான். பிறகு உன் இடது காது. சின்ன வயதில் சீழ் வைத்ததில் அது கொஞ்சம் மந்தமாகி, யார் கூப்பிட்டாலும் வலது காதைத் திருப்பிக் கேட்பாய். உன்னைக் கூட்டிக்கொண்டு காது கிளினிக்கில் காத்திருந்த நாட்களில்தான், கண்ணாடி அறைக்குள் குழந்தைகளுக்கு ஹெட்போன் மாட்டிச் சத்தம் கேட்கிறதா என்று சோதிக்கிற அந்தப் பெண்ணைப் பார்த்து, இதை நான் படிக்க முடியுமா என்று முதல்முதலாக நினைத்தேன். நம் குடும்பத்தில் கல்லூரிக்குள் போனவர் யாரும் இல்லை, யாரிடம் கேட்பது என்றுகூடத் தெரியவில்லை. உன் காதுதான் என்னைப் படிக்க வைத்தது, இதையும் உன்னிடம் சொன்னதில்லை.

பள்ளிக்கு இருபத்தைந்தாம் நம்பர் பஸ். மாடியில் முன்சீட் உங்கள் இருவருக்கும் வேண்டும். அவன் எல்லாரையும் இடித்துக்கொண்டு மேலே ஓடிவிடுவான், நீ கீழே நின்று கிஸ்ஸாவின் தள்ளுவண்டியை எனக்கு ஏற்றிக் கொடுத்துவிட்டு, "வாஸ்வா, இடம் பிடிச்சு வை!" என்று படிக்கட்டைப் பார்த்துக் கத்துவாய். பஸ் முழுக்கச் சிரிக்கும். எவ்வளவு கூட்டமாக இருந்தாலும் அவன் பிடித்து வைத்திருப்பான், ஒரு தடவை ஒரு பெரியவரிடம் அதற்காகத் திட்டும் வாங்கினான். ஜெம்மாவின் பக்கத்தில், வரிகள் எழுதியவர் வாஸ்வா என்று இருக்கிறது. எழுதியது நீ. குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு மணிக்கணக்கில் முணுமுணுப்பாய், அவன் கதவுக்கு வெளியே தரையில் உட்கார்ந்து கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்வான். "அந்தக் கடைசி வரியை மாத்துடா, வாய்ல நிக்கல" என்பான். "வரி நல்லாத்தான் இருக்கு, உன் வாய்தான் சரியில்ல" என்பாய். தண்ணீர் வீணாகிறது என்று நான் கத்துவேன். சொல் உன்னுடையது, வாய் அவனுடையது. ரயில் பாலத்துக்குக் கீழே எரால் நடத்திய கிளப்பில், சுவரெல்லாம் பழைய மெத்தையை அடித்து வைத்திருந்த அந்த அறையில், அவன் மைக்கைப் பிடித்தால் நீ அவன் கோட்டைக் கையில் வைத்துக்கொண்டு பின்னால் நிற்பாய். பக்கத்துப் பேட்டை பிளைஸ்டோ பையன்கள் போட்டிக்கு வந்த அன்று நான் உங்களை அழைத்துப் போக வந்து கதவருகில் நின்றிருந்தேன். அதில் ஒருவன், "ரெண்டு பேருக்கும் ஒரே சட்டை, ஒரே மூஞ்சி, உங்கம்மா என்ன தள்ளுபடில வாங்கினாங்களா?" என்று பாடினான். எனக்குத் தரைக்குள் போய்விடலாம் போல் இருந்தது. நீ வாஸ்வாவின் காதில் ஏதோ சொன்னாய். அவன் மைக்கை வாங்கி, "மூஞ்சி ஒண்ணுதான், வாய் ரெண்டு இருக்கு, நீ ஒரு வாய்க்கே பதில் இல்லாம நிக்கறியே" என்று ஆரம்பித்தான். பையன்கள் சுவரைத் தட்டினார்கள், எரால் இசைத்தட்டை நிறுத்தி, பின்னுக்குச் சுழற்றி, பாட்டை முதலிலிருந்து ஓடவிட்டார். வரி நன்றாக விழுந்தால் அப்படித்தான் செய்வார்கள், பாடினவன் மறுபடி முதல் சொல்லிலிருந்து தொடங்க வேண்டும், அதைவிடப் பெரிய பரிசு அந்த அறையில் கிடையாது. அவன் திரும்பப் பாடும்போது உன் உதடும் கூடவே அசைந்தது. எல்லாரும் அவனைப் பார்த்தார்கள், நான் உன்னைப் பார்த்தேன்.

வாஸ்வா போன அந்தப் பிப்ரவரியைப் பற்றி நான் அதிகம் எழுத மாட்டேன். தலைவலி என்றான், விளக்கை அணைக்கச் சொன்னான், கழுத்து வலிக்கிறது என்றான், ஆம்புலன்ஸ் சீக்கிரம்தான் வந்தது, மறுநாள் அவனுடைய மூளைக்காய்ச்சல் எல்லாரையும் முந்திக்கொண்டது. யார் மேலும் தப்பில்லை, யார் கையிலும் கத்தி இல்லை. எரால் வீட்டுக்கு வந்து தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, "நம்ம பையன் செத்துட்டானா சிஸ்டர்?" என்று கேட்டார். எங்களில் இரட்டைப் பிள்ளையை அப்படிச் சொல்லக்கூடாது எரால், இரட்டைப் பிள்ளை சாகாது, பறந்துவிடும் என்றேன். அவர் அதைத் தன் வாயால் ஒரு தடவை சொல்லிப் பார்த்தார், "பறந்துட்டான்", பிறகு நம் சமையலறையில் உட்கார்ந்து அழுதார், பெரிய ஆள் ஒருவர் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. நீ அழவில்லை. அந்தக் கோடையில் எனக்குப் பட்டம் கொடுத்தார்கள், வாடகை அங்கியில் நான் தடுமாறி மேடை ஏறியபோது அந்தப் பெரிய மண்டபத்தின் பின்வரிசையிலிருந்து "நலோங்கோ!" என்று கத்தினாய், துணைவேந்தரே சிரித்துவிட்டார். கீழே வந்து பார்த்தால் நீ அவன் சட்டையைப் போட்டிருந்தாய். இரண்டும் ஒரே சட்டை, வேறு யாருக்கும் தெரிந்திருக்காது, ஆனால் அவன் சட்டையில் காலர் பொத்தானை நான் கறுப்பு நூலால் தைத்திருந்தேன். எனக்கும் அந்தச் சட்டையைக் கட்டிக்கொள்ள வேண்டியிருந்தது.

அதன் பிறகுதான் எரால் கிளப்பில் அவனுக்காகக் கூடினார்கள். நான் இஞ்சிக் கேக் கொண்டுவந்து கதவருகில் வழக்கமான இடத்தில் நின்றேன். யாரோ ஒரு பையன், அவன் வரியை யாராவது பாடுங்களேன் என்றான். நீ கோட்டைக் கழற்றினாய், அதை வாங்கிக்கொள்ள யாரும் இல்லை, கீழே போட்டாய், மைக்கை எடுத்தாய், அவன் குரலில் அவன் நிற்கிற மாதிரியே நின்று பாடினாய். சுவரைத் தட்டினார்கள். எரால் இசைத்தட்டைப் பின்னுக்குச் சுழற்றினார், "வாஸ்வா! வாஸ்வா!" என்று கத்தினார்கள், நீ முதல் சொல்லிலிருந்து தொடங்கினாய். போனவனே திரும்பி வந்து முதலிலிருந்து தொடங்கியதுபோல் இருந்தது அந்த அறையில் எல்லாருக்கும், எனக்கும்தான். அதனால் அந்தப் பெயரை நீ எடுத்துக்கொண்டதை நான் தடுக்கவில்லை, கொஞ்ச நாளைக்கு என்று நினைத்தேன். பிறகு கோழிக்கடைக்கு மேலே இருந்த ரேடியோக்காரர்கள் கூப்பிட்டார்கள், நம் மாடிப்படியில் வைத்து வீடியோ எடுத்தார்கள், பக்கத்து வீட்டுக்காரர்கள் எல்லாரும் அதில் தலை காட்ட நின்றார்கள். ஸ்ட்ராட்ஃபோர்டில் உன் முதல் பெரிய நிகழ்ச்சிக்கு நான் ஆசையாகத் தலைமுடி பின்னிக்கொண்டு வந்தேன். வாசலில் நின்ற தடித்த மனிதரிடம், காட்டோவின் அம்மா என்றேன். "காட்டோன்னு யாரும் இன்னிக்குப் பாடலைம்மா, வேற எடத்துக்கு வந்துட்டீங்க போல" என்றார். பின்னால் வரிசை நின்றது, ஒரு பெண், "ஆன்ட்டி, சீக்கிரம் சொல்லுங்க, குளிருது" என்றாள். கடைசியில், வாஸ்வாவின் அம்மா என்றேன். உடனே, "அட, முதல்லயே சொல்லக்கூடாதா, வாங்க வாங்க" என்று முன்வரிசைக்கே கூட்டிக்கொண்டு போனார். நீ மேடையிலிருந்து என்னைப் பார்த்துச் சிரித்தாய். நானும் சிரித்தேன். உள்ளே வருவதற்கு உன்னை வாசலில் விட்டுவிட்டு வந்ததுபோல் இருந்தது.

இவ்வளவையும் நான் மனதுக்குள்ளேயே வைத்துக்கொண்டிருப்பேன், இந்த வருடம் நடந்த இரண்டு விஷயம் இல்லாவிட்டால். வாஸ்வா போன பிறகு குடிவந்த மூன்றாம் மாடி ஃபோலாவைத் தெரியும் உனக்கு, அவள் மகன் டாமியைப் போன கோடையில் பஸ் நிறுத்தத்தில் குத்திப்போட்டார்கள். கத்திக்கு எதிராகத் தாய்மார்கள் ஊர்வலம் போகிறோம் என்று கதவைத் தட்டினாள், கையில் இரண்டு பலகை. "நீங்க கூச்சப்படுவீங்கன்னு கேக்காமயே உங்க பிள்ளைக்கும் சேர்த்து அச்சடிச்சிட்டேன், தப்பா எடுத்துக்காதீங்க நலோங்கோ" என்றாள். ஒன்றில் டாமி. இன்னொன்றில் உன் முகம், கீழே பெரிய எழுத்தில் காட்டோ. உன் பேட்டியைப் பார்த்திருக்கிறாள். "எந்தத் தெரு உன் சகோதரனை எடுத்துக்கிட்டது?" என்று பேட்டி எடுத்தவன் கேட்க, நீ தலையைக் குனிந்துகொண்டாயே, அந்தப் பேட்டி. ஃபோலாவிடம் பொய் சொல்ல முடியவில்லை. காய்ச்சலில் போனவன் அவன், போனவன் பெயரும் இது இல்லை என்றேன். அவள் உன் பலகையைக் கீழே இறக்கினாள். பிறகு, "என் டாமிக்கு நடந்ததை எதுக்கு உங்க பையன் எடுத்துக்கிட்டான்? அவனுக்கு அழறதுக்குக் காய்ச்சல் போதாதா?" என்றாள். கோபமாகக்கூடக் கேட்கவில்லை, புரியாமல் கேட்டாள். அவள் டாமியை மட்டும் தூக்கிக்கொண்டு போனாள். உன் பலகை அலமாரிக்குப் பின்னால் சுவரைப் பார்த்துத் திருப்பி வைத்திருக்கிறேன், உயிரோடு இருக்கிற பிள்ளையின் பெயரை எப்படிக் குப்பையில் போடுவது, எப்படி வீட்டில் வைப்பது.

அடுத்தது மசாக்கா. கம்பாலா ரேடியோக்காரர் உன்னை அட்லாண்டாவில் போனில் பிடித்து, இரட்டையரில் மற்றவர் எங்கே என்று கேட்டாராம். நீ உனக்குத் தெரிந்த கொஞ்சம் லுகாண்டாவில், "காட்டோ பறந்துட்டான்" என்று சொன்னாயாம். ஜெம்மாவிடம் ஆங்கிலத்தில் என்ன சொன்னாலும் அது வியாபாரப் பேச்சு என்று விட்டுவிடலாம். நம் மொழியில் நம் ஆட்களிடம் அந்தச் சொல்லைச் சொன்னால் அது செய்தி. பெரியவர்கள் கூடிவிட்டார்கள். எல்லாம் முடிந்த பிறகுதான் உன் அத்தை எனக்குப் போன் செய்தாள். "தப்பு நடந்துபோச்சு நலோங்கோ, இத்தனை வருஷமா வாஸ்வா பேரைச் சொல்லிக்கிட்டிருந்தோம். இப்ப மரப்பட்டைத் துணி விரிச்சு, காட்டோ பேரைச் சொல்லி வாழை பீர் ஊத்தி அனுப்பிட்டோம், வாஸ்வாவுக்கு நீண்ட ஆயுசு கேட்டிருக்கோம், இனிமே பயமில்ல" என்றாள். நான் அலறினேன், நான் அலறி நீ கேட்டதில்லை. பறந்தது வாஸ்வா, நான்தானே பக்கத்தில் இருந்தேன் என்றேன். "நீ அன்னிக்கு இருந்த நிலையில யாருன்னு உனக்கு எப்படித் தெரியும்? ரெண்டும் ஒரே அச்சு. பையனே சொல்றான். உசுரோட இருக்கறவனுக்குத் தெரியாதா தான் யாருன்னு?" என்றாள். உன் அப்பா இருந்திருந்தால் சொல்லியிருப்பார், அடக்கத்தன்று அவன் முகத்தைத் தொட்டவர் அவர், அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். இப்போது அங்கே போனவனுக்கு ஆயுள் கேட்டிருக்கிறார்கள், இருக்கிறவனை வழியனுப்பியிருக்கிறார்கள். நான் படித்தவள், பெயர் சொல்லி ஊற்றுவதில் என்ன இருக்கிறது என்று மோரீன் கேட்டால் ஒன்றுமில்லை என்பேன். ஆனால் அன்றிலிருந்து போன் அடித்தால் எடுப்பதற்கு முன் உன் பெயரை ஒரு தடவை சொல்லிக்கொள்கிறேன்.

புது ஆல்பத்தை ஜெம்மா முன்கூட்டியே அனுப்பியிருந்தாள். வீட்டில் கேட்கத் தைரியம் இல்லாமல், மதியம் எல்லாரும் சாப்பிடப் போனபோது கிளினிக்கில் அந்தச் சத்தம் புகாத கண்ணாடி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு கேட்டேன். குழந்தைகள் உட்காருகிற குட்டி நாற்காலியில் உட்கார்ந்து கேட்டேன். நன்றாக இருக்கிறது காட்டோ, நான் இதைப் பற்றி அதிகம் தெரியாதவள், ஆனால் நன்றாக இருக்கிறது, குளியலறைக் கதவுக்கு வெளியே கேட்ட அதே சொற்கள் வளர்ந்து பெரியவர்களாகி வந்ததுபோல் இருந்தது. கடைசிப் பாட்டு முடிந்து இசையெல்லாம் அடங்கிய பிறகு கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. எல்லாரும் அங்கே நிறுத்திவிடுவார்கள். நான் சத்தத்தைக் கூட்டினேன், மெல்லிய சத்தத்தைத் தேடுவதுதானே என் வேலை. முதலில் ஒரு மூச்சு. பிறகு உன் குரல், பாடுகிற குரல் இல்லை, வீட்டுக் குரல், "வாஸ்வா, இடம் பிடிச்சு வை." ஜெம்மாவிடம் அது என்ன என்று கேட்டேன். "கச்சேரிக்கு வர்றவங்களைச் சொல்றாரு, ஹவுஸ்ஃபுல் ஆகும்னு, செம்ம ஐடியா இல்ல?" என்றாள். நான் அந்தக் குட்டி நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தேன். மோரீன் வந்து கதவைத் திறந்து, என் முகத்தைப் பார்த்துவிட்டு, வெங்காயத்தைப் பற்றி ஒன்றும் கேட்காமல் மறுபடி சாத்திவிட்டுப் போனாள்.

நான் சுற்றி வளைக்காமல் எழுதுகிறேன். அவனிடம் இடம் பிடித்து வைக்கச் சொல்கிறவன் அங்கே போகப் போவதாக நினைத்துக்கொண்டிருக்கிறான். நீ எங்கேயும் போகப் போவதில்லை. அவன் மேலே ஏறிவிட்டான், பஸ் போய்விட்டது ராசா, நீ கீழே எங்களோடு நிற்கிறாய், தள்ளுவண்டியைப் பிடித்துக்கொண்டு. அவன் பெயரை ஏன் எடுத்தாய் என்று எனக்குத் தெரியும். அவன் இருப்பதற்கு ஓர் ஆள் வேண்டும் என்று உன்னையே கொடுத்துவிட்டாய், எதை வாங்கினாலும் இரண்டாக வாங்க வேண்டும் என்று வளர்ந்தவன், ஒருவனாக இருக்க உனக்கு வெட்கமாக இருக்கிறது. ஆனால் கொஞ்சம் யோசித்துப் பார். வாஸ்வா எங்கே என்று எனக்குத் தெரியும், மேனர் பார்க் கல்லறையில் இருக்கிறான், ஞாயிறு காலை போய் இலைகளைக் கூட்டிவிட்டுத்தான் வந்து இதை எழுதுகிறேன். உலகத்தில் எல்லாரிடமும் வாஸ்வா இருக்கிறான், தமிழ்க் கடையில் இருக்கிறான், பஸ்ஸில் இருக்கிறான். காட்டோவைத்தான் காணவில்லை. காட்டோவைக் காணவில்லை என்று நான் எங்கே போய்ச் சொல்வேன்? எனக்கு இரண்டு பிள்ளைகள், ஒருவன்தான் பறந்தான். மற்றவனை என்னிடமிருந்து நீ எடுத்துக்கொள்ளாதே. பாட்டுக்கு அவன் பெயர் இருக்கட்டும், போஸ்டரில் இருக்கட்டும், அதை நான் கேட்கவே மாட்டேன். ஜெம்மாவின் பக்கத்தை நீ திருத்துவாயோ மாட்டாயோ, அது உன் இஷ்டம், ஃபோலாவுக்கு மட்டும் என்றாவது நீயே ஒரு வார்த்தை சொல்லிவிடு.

கடவுள் உன்னைக் கூடவே இருந்து காக்கட்டும், உன் உள்ளங்கால் தரையில் அழுந்தி நிற்கட்டும், நல்ல தூக்கம் கிடைக்கட்டும். வேளைக்குச் சாப்பிடு, வீடியோவில் கன்னம் ஒட்டியிருக்கிறது. நான் அச்செடுத்துச் செய்து கொடுத்த காதடைப்பானைப் போட்டுக்கொள், மேடைச் சத்தத்தில் அந்த வலது காதும் போனால் பிறகு எதைத் திருப்பிக் கேட்பாய். எல்லா வீடியோவிலும் பார்த்துவிட்டேன், ஹெட்போனை வலது காதில் மட்டும் அழுத்திப் பிடித்திருக்கிறாய். அவன் இரண்டு காதிலும் போடுவான். ஊரெல்லாம் எந்தப் பெயரைச் சொல்லிக் கத்தினாலும் நான் திரையில் பார்ப்பது உன்னைத்தான். கிஸ்ஸா தன் பங்குக்கு ஒரு வரி எழுதச் சொல்கிறாள், "நீ செத்ததா ரேடியோல சொன்னப்போ நான் ஸ்கூல்ல இருந்தேன், இனிமே என்னைக் கேக்காம சாகாதே." அவள் சொன்ன சொல் நம் ஆட்களுக்கு ஆகாதது, கோடு போட்டு அடிக்கவில்லை, அப்படியே எழுதிவிட்டேன்.

கேட்க வேண்டியதைக் கடைசிவரை தள்ளிக்கொண்டே வந்துவிட்டேன். ஒன்றே ஒன்றுதான். இது கைக்குக் கிடைத்ததும் நீயே போன் செய், மேனேஜரைச் செய்யச் சொல்லாதே. நான் எடுத்ததும் பழையபடி "யாரு?" என்று கேட்பேன். உன் மூச்சிலேயே எனக்குத் தெரிந்துவிடும், இருந்தாலும் கேட்பேன். நீ உன் பெயரைச் சொல்லு.

காத்திருக்கும் உன் அம்மா,
நலோங்கோ